பூனைக்கு முதலில் தெரிந்ததா?

சென்ற ஆண்டு ஆவணி மாதத்தில் ஒருநாள் மாலை எமது தமக்கையார் வீட்டுக்குச் சென்றிருந்தோம். முற்றத்தில் வெறுஞ் சாக்கு ஒன்று விரித்துக் கிடந்தது. அதனருகே ஒரு முழம் சணற்கயிறு. தேங்காய் கட்டுவதற்காக்கும் என்று எண்ணியவாறு படியேறிய எம்மை நோக்கி, "தம்பி, நல்ல நேரத்துக்கு வந்தாய். உந்தப் பூனையைப் பிடிச்சுக் கொண்டுபோய்ச் சந்தையடியிலை விட்டிட்டு வா" என்றார் தமக்கையார்.

பூனை செய்த குற்றம் யாது? தமக்கையாரின் மகள் அப்பொழுது மூன்று மாதக் கர்ப்பிணி. அச்செய்தி வீட்டாருக்குத் தெரிவதற்குச் சில நாட்களுக்கு முன்பிருந்தே அப்பூனை அவளை விட்டு அகலவில்லையாம். சோறு வைக்கும் வேளை தவிர மற்றெவரையும் மதியாத பிராணி, அவள் படுத்தால் வயிற்றோடு ஒட்டிப் படுத்தது. எழுந்தால் காலைச் சுற்றியது. "அது பிள்ளையிலை கண்வைச்சிட்டுது" என்பது தாயின் கட்சி. "எனக்குத் தெரியமுந்தி அதுக்குத் தெரிஞ்சிட்டுது மாமா. அதைப்போய்ச் சாக்கிலை கட்டுறதோ?" என்பது மகளின் கட்சி. இவ்வளவும் நடந்துகொண்டிருக்கையில் வழக்கின் எதிரியாகிய பூனை அச்சாக்கின் மேலேயே ஏறிச் சுருண்டு படுத்துக்கொண்டது.

விலங்கியல் கற்பிப்பது எமது தொழிலாதலின் தீர்ப்புக் கூறும் பொறுப்பு எமது தலையில் விழுந்தது. ஒரு வாரத் தவணை கேட்டுக்கொண்டு வீடு திரும்பினோம். ஆராய வேண்டியவை இரண்டு. ஒன்று, கருவுற்றதை வளர்ப்புப் பிராணி அறியுமா என்பது. மற்றது, அதனால் தாய்க்கும் சேய்க்கும் தீங்கு உண்டா என்பது. இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வதனாலேயே எத்தனையோ நாய்களும் பூனைகளும் சந்தையடியிலும் தெருவோரத்திலும் விடப்படுகின்றன.

மூக்கின் வல்லமை

கருப்பையிற் கரு பதிந்தவுடன் பெண்ணின் உடலிற் பெரிய மாற்றங்கள் தொடங்குகின்றன. கருவைச் சூழ்ந்த இழையங்களிலிருந்து ஒருவகை ஓமோன் சுரந்து குருதியிற் கலந்து சிறுநீரிலும் வெளிப்படுகிறது. ஈசுத்திரசன், புரோசெசுத்தரோன் என்னும் ஓமோன்களின் அளவும் படிப்படியாக உயர்கின்றது. உடல் வெப்பம் ஏறத்தாழ 0.3 முதல் 0.5 பாகை செல்சியசு வரை கூடி நிற்கிறது. வியர்வை மாறுகிறது, உண்ணும் உணவும் மாறுகிறது. இவை யாவும் மணத்தை மாற்றவல்லன. எமது மூக்குக்கு இவை எட்டா. மனிதனுடைய நாசியில் மணத்தை உணரும் கலங்கள் ஏறத்தாழ 50 அல்லது 60 இலட்சம். நாய்க்கோ அவை 20 கோடிக்கு மேல். பூனையும் இவ்விடயத்தில் எம்மைப் பன்மடங்கு விஞ்சியது. அன்றியும் இவ்விரு பிராணிகளுக்கும் அண்ணத்தின்மேல் இன்னொரு மோப்ப உறுப்பு உண்டு. டென்மார்க்கைச் சேர்ந்த யாக்கோப்சன் 1813 இல் அதனை விவரித்தமையால் அவர் பெயராலேயே வழங்குகிறது. பூனை எதையேனும் முகர்ந்துவிட்டு மேலுதட்டைச் சுருக்கி, வாயைச் சிறிதே திறந்தபடி சிந்தனையில் ஆழ்ந்ததுபோல நிற்பதை நேயர்கள் கண்டிருப்பீர்கள். அது சிந்தனையன்று, அவ்வுறுப்புக்கு மணத்தை ஏற்றுகின்ற முயற்சி.

கருவுற்றதை மனிதருக்கு அறிவிக்கும் தொழிலைச் சில பிராணிகள் ஒருகாலத்திற் சம்பளமில்லாமற் செய்தும் வந்தன. 1920களின் பிற்பகுதியில் பெர்லின் நகரில் அஷ்ஹைம், சொண்டெக் என்னும் இருவர், கர்ப்பிணியின் சிறுநீரைப் பருவமடையாத பெண் சுண்டெலிக்கு ஊசிமூலம் ஏற்றினால் அதன் சூலகம் முதிர்ச்சியடைவதைக் கண்டனர். எலியைக் கொன்று பார்த்தாலன்றி விடை தெரியாது என்பதே அதிலுள்ள குறை. பின்னர், தென்னாபிரிக்காவிற் பணியாற்றிய ஆங்கில விஞ்ஞானி லான்சலட் ஹொக்பென் என்பவரின் ஆராய்ச்சியிலிருந்து தவளைச் சோதனை தோன்றியது. அந்நாட்டு நகத்தவளையின் பெண்ணுக்குக் கர்ப்பிணியின் சிறுநீரை ஏற்றினால் ஒரு நாளுக்குள் அது முட்டையிடும். கர்ப்பமில்லையேல் முட்டையும் இல்லை. தவளை சாவதில்லை, சில வாரம் இளைப்பாறியபின் மறுபடியும் பணிக்கு வரலாம்! எடின்பரோவில் இத்தகைய சோதனைகளுக்கென 1929 இல் நிறுவப்பட்ட நிலையத்துக்குச் சிறுநீர்ப் போத்தல்கள் தபாலில் வந்து குவிந்தன. 1960களில் இரசாயன முறைகள் பரவும்வரை உலகெங்கும் எத்தனையோ தாய்மாருக்கு முதற்செய்தி சொன்னது ஒரு தவளையே. ஆனால் அத்தவளைக்கு எதுவும் தெரியாது. ஓமோன் அதன் உடலிற் செய்த வேலை அது. உடல் ஒன்றுக்கு விடையிறுப்பது வேறு, அறிவது வேறு என்பதை இங்கே மாணவர்கள் குறித்துக்கொள்வார்களாக.

மோப்பத்தால் அறிவதற்குச் சான்று வேண்டின் அமெரிக்காவின் சின்சினாட்டி மிருகக்காட்சிச்சாலைக்குச் செல்லவேண்டும். பனிக்கரடி கருவுற்றதா என்று அறிவது மிகக் கடினம். கருவுறாத கரடியும் கருவுற்றதுபோலவே ஓமோன் மாற்றங்களைக் காட்டுவதால் இரசாயனச் சோதனைகள் ஏமாந்துபோகும். எனவே எல்விஸ் என்னும் பீகிள் இனநாய் ஒன்றுக்குக் கர்ப்பமுற்ற கரடியின் மலத்தையும் ஏனைய கரடிகளின் மலத்தையும் வேறு பிரித்தறியப் பயிற்சி அளித்தனர். 2013 இல் வெளிவந்த செய்திகளின்படி அந்நாய் பயிற்சியின்போது நூற்றுக்கு 97 தடவை சரியாக இனங்கண்டது. பயிற்சியளவிலேனும் நாயின் மூக்கு பெரிதும் ஏமாறவில்லை!

மணத்திலிருந்து மனநிலையைக்கூட நாய் பிரித்தறியும் என்பதற்கு 2022 இல் பெல்பாஸ்ற் குயின்ஸ் பல்கலைக்கழகத்தார் வெளியிட்ட ஆய்வு ஒரு சான்று. 36 பேருக்குக் கணக்கொன்று கொடுத்து, அதைச் செய்வதற்கு முன்னும் பின்னும் அவர்களின் மூச்சையும் வியர்வையையும் துணியிற் சேகரித்து நான்கு நாய்களுக்குக் காட்டினர். கலக்கமுற்ற வேளையின் துணியை நாய்கள் நூற்றுக்கு 93.75 வீதம் சரியாகச் சுட்டின. கணக்கு யாதெனில், 9000 இலிருந்து பதினேழு பதினேழாகக் கழித்துக்கொண்டே வருதல். எமது கல்லூரியிற் கணிதப் பரீட்சை மண்டபத்துக்கு நாயே தேவையில்லை. அம்மணம் எமக்கே தெரியும்.

ஆயினும் எல்விஸ் பயிற்றப்பட்ட நாய். எம் வீட்டு நாய்க்கும் பூனைக்கும் அப்பயிற்சி இல்லை. மனிதப் பெண் கருவுற்றமையை அவை தாமாக உணர்ந்தன என்று கூறப்படுவனவற்றிற் பெரும்பாலானவை உரிமையாளர் பின்னர் நினைவுகூர்ந்தவையே. நினைவு எத்தகைய கள்வன் என்பது ஆசிரியராகிய எமக்குத் தெரியும். பூனை ஒட்டிப் படுத்த நாளை நினைவில் வைப்போம். திரும்பியும் பாராமற் போன நாளை மறந்துவிடுவோம்.

இன்னொன்றும் உண்டு. மூக்கு அறியாததைக் கண் அறியும். 1900களின் தொடக்கத்திற் பெர்லினில் ஹான்ஸ் என்னும் குதிரை கூட்டல் கழித்தற் கணக்குகளுக்குக் குளம்பால் தட்டி விடை சொல்லி உலகை மயக்கியது. 1907 இல் ஒஸ்கார் பூங்ஸ்ற் என்னும் உளவியலாளர் அம்மாயத்தை வெளிப்படுத்தினார். சரியான எண்ணிக்கை வந்ததும் கேள்வி கேட்பவரின் தலை தாமறியாமலே மயிரிழையளவு அசையும். குதிரை அதனைக் கண்டு நிறுத்தும். விடை தெரியாத ஒருவர் கேட்டால் குதிரைக்கும் விடை தெரியாது. எம்முடன் வாழும் பிராணிகள் எம்மை இவ்வாறே நாள்முழுதும் வாசித்துக்கொண்டிருக்கின்றன. கர்ப்பிணி நடக்கும் நடை மாறுகிறது, காலையில் வாந்தி எடுக்கிறாள், பகலிற் படுக்கிறாள், வீட்டார் அவளிடம் பேசும் குரலே மாறிவிடுகிறது. இத்தனைக்கும் பின் நாய்க்குத் தெரியாமலிருந்தால் அதுவே அதிசயம். பூனையைப் பொறுத்தமட்டில், சற்றே வெப்பங்கூடிய உடல் ஒன்று பகல்முழுதும் அசையாது படுத்திருப்பதைவிட அதற்கு வேறு சொர்க்கம் ஏது?

எமது வீட்டுக் கதை

எமது இல்லாள் தலைப்பிள்ளையைச் சுமந்த காலத்தில் எம்மிடம் கறுப்பன் என்றொரு நாய் இருந்தது. அவர் கிணற்றடிக்குச் சென்றால் அது முன்னே செல்லும். இரவில் அறைவாசலிற் குறுக்கே படுக்கும். அறிமுகமில்லாதவர் படலையைத் தொட்டாலே உறுமும். ஊரார் வியந்தனர், நாமும் பெருமை கொண்டோம். குழந்தை பிறந்தபின் நடந்ததையோ நாம் எவருக்கும் சொல்வதில்லை. பிள்ளைப்பேற்று ஆரவாரத்திற் கறுப்பனைக் கவனிப்பார் இல்லை. வாசலிற் படுத்ததை விரட்டினோம். பின்வளவிற் சங்கிலியிற் கட்டினோம். மூன்று நாட்கள் அது உணவைத் தொடவில்லை. நான்காம் நாள் கொடியில் உலர்ந்த குழந்தையின் துணிகளை இழுத்துக் கிழித்தது. "பொறாமை பிடித்த நாய்" என்று எல்லோரும் சொன்னார்கள். நாமும் அவர்களோடு சேர்ந்து சொன்னோம். ஒன்பது மாதம் காவலிருந்த பிராணிக்கு ஒரே நாளில் வாழ்க்கை தலைகீழானதை அப்பொழுது நாம் எண்ணிப் பார்க்கவில்லை.

நாய் வளர்ப்போர் இதற்கு முன்கூட்டியே ஆயத்தம் செய்யலாம். எந்த அறைக்குள் அது பின்னர் வரக்கூடாதோ அதனைக் குழந்தை பிறக்குமுன்னரே பழக்கிவிட வேண்டும். மேலே பாய்ந்து வரவேற்கும் வழக்கத்தை முதல் மாதங்களிலேயே நிறுத்த வேண்டும். ஏழாம் மாதத்து வயிற்றின்மேல் பெரிய நாய் பாய்வது விளையாட்டன்று. குழந்தை வீட்டுக்கு வருமுன் அதனைச் சுற்றிய துணி ஒன்றைக் கொண்டுவந்து நாய்க்கு முகரக் கொடுத்தால் நன்று. எவ்வளவு சாதுவான பிராணியாயினும் சிசுவோடு தனியே விடலாகாது. விசர்நாய்த் தடுப்பூசியைத் தவணை தவறாமல் நாய்க்கும் பூனைக்கும் போடுவது மிக இன்றியமையாதது. கர்ப்பிணியை நாயோ பூனையோ கடித்துவிட்டால் காயத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரிற் பதினைந்து நிமிடம் கழுவி உடனே வைத்தியசாலைக்குச் செல்ல வேண்டும். கருவுக்குத் தீங்காகும் என்று அஞ்சித் தடுப்பூசியைத் தள்ளிப்போடுதல் பெருந்தவறு. கர்ப்பிணிகளும் அதனை ஏற்றிக்கொள்ளலாம்.

இனித் தமக்கையாரின் அச்சம். கண்வைத்தல் என்பதை விட்டுவிடுவோம். ஆயினும் அவ்வச்சத்துள் ஓர் உண்மை மறைந்திருக்கின்றது. தொக்சோபிளாசுமா என்னும் நுண்ணிய ஒட்டுண்ணி 1908 இற் கண்டறியப்பட்டது. அதன் வாழ்க்கை வட்டம் பூனையின் குடலில் நிறைவுறுகிறது என்பது 1970 ஆம் ஆண்டளவிலேயே தெளிவாயிற்று. எலியையோ பறவையையோ பச்சை இறைச்சியையோ தின்று முதன்முறை தொற்றுற்ற பூனை, ஒன்று முதல் மூன்று வாரம்வரை அதன் வித்துக்களை மலத்தோடு கழிக்கும். கர்ப்ப காலத்திற் புதிதாக இத்தொற்றைப் பெறும் தாயிடமிருந்து அது கருவுக்குச் சென்று கண்ணையும் மூளையையும் பாதிக்கக்கூடும். இது விளையாட்டான விடயம் அன்று. ஆனால் பூனையைத் தடவுவதனாலோ அது மடியிற் படுப்பதனாலோ வருகின்ற நோயும் அன்று. வெளியான வித்துக்கள் தொற்றும் ஆற்றலைப் பெற ஒன்று முதல் ஐந்து நாட்கள் செல்லும். ஆதலின் பூனையின் மண்பெட்டியை நாள்தோறும் வேறொருவர் துப்புரவு செய்துவிட்டால் ஆபத்து வெகுவாகக் குறையும். பூனைக்குப் பச்சை இறைச்சி கொடுத்தலாகாது. மேலும், நன்கு வேகாத இறைச்சி, கழுவாத கீரை, தோட்டத்து மண் ஆகியவற்றின் வழியாகவும் இத்தொற்று வருவதால், பூனையைச் சந்தையடியில் விட்டுவிட்டுக் கைகழுவாமற் சமைப்பவர் காப்பாற்றியது யாரையும் அன்று.

இவ்வளவையும் தவணை முடிந்த நாளில் தமக்கையாரிடம் எடுத்துரைத்தோம். பொறுமையாகக் கேட்டார். "அப்ப மண்பெட்டியை ஆர் கழுவுறது?" என்பதே அவருடைய ஒரே கேள்வி. மருமகளின் கணவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார்; அதற்குள் தீர்ப்பு அவர்மேல் இறங்கிவிட்டது. சாக்கு அடுப்படிக்குப் போய்த் தேங்காய் நிரம்பியது.

மாசி மாதத்திற் பெண்குழந்தை பிறந்தது. தாயும் சேயும் வீட்டுக்கு வந்த அன்று நாமும் அங்கிருந்தோம். அத்தனை மாதம் வயிற்றோடு ஒட்டிக் கிடந்த பூனை வந்து குழந்தையை வரவேற்கும் என்று மருமகள் ஆவலோடு பார்த்திருந்தாள். குழந்தை வீரிட்டு ஒருமுறை அழுதது. பூனை ஒரே பாய்ச்சலாகக் கூரையில் ஏறியது. இரண்டு நாட்களாக இறங்கவேயில்லை. மூன்றாம் நாள் காலையில் அதற்குப் பாற்கிண்ணம் வைத்துக் கூப்பிட்டவர் தமக்கையாரே.