கேப் கோஸ்ட் வாசல்: போனவர்களும் வந்தவர்களும்

கானாவின் கேப் கோஸ்ட் கோட்டையில் கடலைப் பார்த்து ஒரு வாசல் இருக்கிறது. நிலவறையில் அடைபட்டுக் கிடந்த மனிதர்களை அதன் வழியாகத்தான் கப்பலுக்குக் கொண்டுபோனார்கள். 'திரும்பா வாசல்' என்று அதற்குப் பெயர். 1998-ல், அடிமைகளாக வாழ்ந்து மறைந்த இருவரின் எச்சங்களை, ஒருவருடையதை அமெரிக்காவிலிருந்தும் மற்றவருடையதை ஜமைக்காவிலிருந்தும் எடுத்துவந்து, அதே வாசல் வழியாக உள்ளே கொண்டுசென்று கானா மண்ணில் அடக்கம் செய்தார்கள்.

ஆப்பிரிக்காவிலிருந்து நேராக வட அமெரிக்க நிலப்பரப்புக்குக் கொண்டுசெல்லப்பட்ட அடிமைகள் சுமார் 3,88,000 பேர் என்று ஆய்வாளர்கள் கணக்கிடுகிறார்கள். இன்று ஆப்பிரிக்காவில் பிறந்து, அமெரிக்காவில் குடியேறி வாழ்பவர்கள் 20 லட்சத்துக்கும் மேல். 1965-ன் குடியேற்றச் சட்டத்துக்குப் பிறகே இது நடந்தது.

அதற்கு முன்பு போனவர்கள் சிலரே. அவர்களில் ஒருவர், பின்னாளில் கானாவின் தலைவரான குவாமே நிக்ருமா. 1935-ல் மாணவராகச் சென்று பத்தாண்டுகள் அங்கிருந்தார். கறுப்பர்களின் தேவாலயங்களில் பிரசங்கமும் செய்தார். 1957 மார்ச் 6 அன்று அவருடைய நாடு விடுதலை பெற்றபோது, மாண்ட்கோமரி பேருந்துப் புறக்கணிப்பை வென்று சில மாதங்களே ஆகியிருந்த மார்ட்டின் லூதர் கிங் அக்ராவில் நேரில் இருந்தார். அதே ஆண்டு அக்டோபரில் கானாவின் நிதியமைச்சர் பெடெமா, டெலவேர் மாநிலத்து உணவகம் ஒன்றில் ஆரஞ்சுச் சாறு கேட்டார். கறுப்பர்கள் உள்ளே உட்கார்ந்து அருந்த முடியாது என்றார்கள். செய்தி பரவியதும் அதிபர் ஐசனோவர் அவரை வெள்ளை மாளிகைக்குக் காலை உணவுக்கு அழைத்தார். ஒரு நாட்டின் அமைச்சருக்குக் கிடைத்த அந்த மன்னிப்பு, அதே சாலையில் தினமும் போய்வந்த உள்ளூர்க் கறுப்பர்களுக்குக் கிடைக்கவில்லை. அவர்கள் இன்னும் சில ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

நிக்ருமாவின் ஆட்சிக் காலத்தில் அமெரிக்கக் கறுப்பர்கள் பலர் அக்ராவில் குடியேறினார்கள். எழுத்தாளர் மாயா ஏஞ்சலோ பல்கலைக்கழகத்தில் வேலை பார்த்தார். நிக்ருமாவின் அழைப்பை ஏற்று, ஆப்பிரிக்கக் கலைக்களஞ்சியம் ஒன்றை உருவாக்க 1961-ல் அமெரிக்கக் கறுப்பின அறிஞர் டூபாய்ஸ் வந்துசேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 93. அமெரிக்கா அவருடைய கடவுச்சீட்டைப் புதுப்பிக்க மறுத்தது. அவர் கானா குடிமகனானார். 1963 ஆகஸ்ட் 27 அன்று அக்ராவில் இறந்தார். மறுநாள், கறுப்பர்களின் உரிமைக்காக நடந்த வாஷிங்டன் பேரணியில் கூடியிருந்த இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு அந்தச் செய்தி அறிவிக்கப்பட்டது. 1966-ல் ராணுவம் நிக்ருமாவைக் கவிழ்த்ததும், வந்தவர்களில் பெரும்பாலோர் கலைந்து போனார்கள்.

இப்போது வருகிறவர்களுக்குச் சட்டமே துணை நிற்கிறது. புலம்பெயர்ந்த ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கு 2000-ம் ஆண்டின் சட்டம் கானாவில் வசிக்கும் உரிமையைத் தந்தது. வர்ஜீனியாவில் முதல் ஆப்பிரிக்கர்கள் இறக்கப்பட்டு 400 ஆண்டுகள் நிறைந்த 2019-ஐ 'திரும்பும் ஆண்டு' என்று கானா கொண்டாடியது. அந்த நவம்பரில் 126 பேருக்குக் குடியுரிமை கிடைத்தது. 2024 நவம்பரில் 524 பேர். பழைய கடவுச்சீட்டை யாரும் இழக்க வேண்டியதில்லை.

டூபாய்ஸுக்குக் கிடைக்காத பாதுகாப்பு இது, பெரிய பேறுதான். ஆனால் அன்று கானா வந்தவர்களிடம் கேட்டது உழைப்பையும் அறிவையும். இன்று பெரும்பாலும் கேட்பது முதலீட்டையும் சுற்றுலாச் செலவையும். சேர்ந்து ஒரு நாட்டைக் கட்டுவோம் என்ற அந்த அரசியல் கனவுக்கு இந்த வரவேற்பில் இடம் குறைந்துவிட்டது என்றே எனக்குப் படுகிறது. டாலரோடு வருகிறவர்களால் அக்ராவில் வீட்டு வாடகை ஏறுகிறது என்ற குறையும் கேட்கிறது. கானாவின் குடியுரிமைச் சான்றிதழைக் கையில் வாங்கும் அமெரிக்கர் எப்போது வேண்டுமானாலும் ஊர் திரும்பலாம். அதே நகரத்து இளைஞர் அமெரிக்காவைப் பார்க்க விரும்பினால், விசா நேர்காணலுக்கு விண்ணப்பித்துக் காத்திருக்க வேண்டும்.