அழித்த ஆட்டம் எங்கே போகிறது?

கையடக்க விளையாட்டுக் கருவி ஒன்றில் பல வாரங்கள் ஆடிச் சேமித்து வைத்த ஆட்டத்தை அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்குவது, வெளிப்பார்வைக்கு இரண்டு மூன்று பொத்தான்களை அழுத்தும் சிறு செயல்தான் என்றாலும், அந்தச் சில நொடிகளில் கருவிக்குள் நடப்பது ஆட்டம் எந்த வகை நினைவகத்தில் பதிந்திருக்கிறது என்பதைப் பொறுத்து முற்றிலும் மாறுபடுகிறது. பட்டன் செல்லின் துணையோடு உயிர்வாழும் நினைவகம், மின்சாரமே இல்லாமல் தகவலைத் தாங்கும் ஃபிளாஷ் நினைவகம், தொலைவில் உள்ள நிறுவனத்தின் சர்வர் என்று மூன்று இடங்களில் ஆட்டங்கள் இதுவரை தங்கியிருக்கின்றன. இவற்றுள் முதல் இரண்டின் தொழில்நுட்பம், குவார்ட்ஸ் கடிகாரத்திலிருந்து கைப்பேசி உதிரிபாகம் வரை செய்யும் ஓசூர், கிருஷ்ணகிரித் தொழில் வட்டாரத்துக்குப் பழக்கமானதுதான். மூன்றாவது இடம்தான், அழிப்பதா வைத்திருப்பதா என்ற முடிவை ஆடுபவரின் விரலிலிருந்து எடுத்து வேறொருவர் கையில் கொடுத்தது.

சேமித்த ஆட்டம், பேச்சுவழக்கில் ‘சேவ்’, ஆடிய ஆட்டத்தின் முழுப் பதிவு அன்று. வீரர் நிற்கும் இடம், பையிலுள்ள பொருள்கள், வென்ற எதிரிகள், கடந்த கட்டங்கள், செலவான நேரம் ஆகியவற்றைக் குறிக்கும் எண்களின் சிறு தொகுப்பு மட்டுமே. 1996ஆம் ஆண்டு பிப்ரவரியில் ஜப்பானில் வெளிவந்து 151 கற்பனை உயிரினங்களோடு உலகைச் சுற்றிய முதல் போகிமான் ஆட்டத்தின் கேட்ரிட்ஜில், அதாவது நம் ஊர்ப் பிள்ளைகள் ‘காசெட்’ என்று அழைத்த உறையில், சேமிப்புக்கென்று ஒதுக்கப்பட்ட இடம் 32 கிலோபைட்தான்; இன்றைய கைப்பேசியில் எடுக்கும் ஒரு புகைப்படத்துக்கு அதைப் போலப் பல மடங்கு இடம் வேண்டும்.

1990களில் இந்திய வீடுகளுக்கு வந்த கருவிகளுள் பெரும்பாலானவற்றில் இந்த வசதியே இல்லை. தொலைக்காட்சியோடு இணைத்து ஆடும் சாமுராய் நிறுவனக் கருவிகளும், திருவிழாக் கடைகள் வரை பரவிய, கட்டங்களை அடுக்கும் ‘பிரிக் கேம்’ கருவிகளும், மின்சாரம் நின்றதும் அதுவரை நடந்ததை மறந்துவிட்டதால், அங்கே முதலிலிருந்து தொடங்குவது ஆடுபவர் எடுக்கும் முடிவாக இல்லாமல் கருவியின் இயல்பாகவே இருந்தது. நிண்டெண்டோ நிறுவனம் 1989இல் வெளியிட்ட கேம் பாய் போன்ற கருவிகள் வெளிநாட்டு உறவினர் வழியாகவும் பெருநகரக் கடைகள் வழியாகவும் சிலருக்கே கிட்டின. ஜூஜுவாடி எல்லையைத் தாண்டினால் சுமார் 40 கிலோமீட்டரில் பெங்களூரு என்பதால், எஸ்.பி. ரோடு போன்ற மின்னணுச் சந்தைகள் ஓசூர்வாசிகளுக்குச் சென்னையைவிடப் பக்கம்.

பட்டன் செல் காத்த நினைவு

கேம் பாய் காலத்துக் கேட்ரிட்ஜுகளில் ஆட்டத்தைச் சேமித்தது எஸ்ரேம் என்னும் நினைவகம். வேகமானது, எத்தனை முறை எழுதினாலும் தேயாதது என்ற நிறைகளோடு, மின்சாரம் நின்றால் எல்லாவற்றையும் இழந்துவிடும் என்ற குறையும் அதற்கு உண்டு என்பதால், கருவியை அணைத்த பிறகும் அந்தச் சில்லுக்கு மட்டும் நுண்ணிய மின்னோட்டம் போய்க்கொண்டிருக்க, கேட்ரிட்ஜுக்குள்ளேயே ஒரு லித்தியம் பட்டன் செல்லைப் பற்றவைத்தார்கள். 1999இல் வந்த போகிமான் கோல்டு, சில்வர் ஆட்டங்களில் இருந்தது சி.ஆர். 2025 என்ற வகை. 20 மில்லிமீட்டர் விட்டமும் 2.5 மில்லிமீட்டர் தடிமனும் கொண்ட 3 வோல்ட் செல் என்பதை அதன் பெயரே சொல்லிவிடுகிறது.

இந்த இரு ஆட்டங்களில் பகலும் இரவும் வெளியுலகக் காலத்தோடு ஒத்து மாறியதால், கேட்ரிட்ஜுக்குள் ஒரு கடிகாரமும் வைக்க வேண்டியிருந்தது. நொடிக்கு 32,768 முறை அதிரும் சிறு குவார்ட்ஸ் படிகமே அந்தக் கடிகாரத்தின் இதயம்; இரண்டைப் பதினைந்து முறை பெருக்கினால் கிடைக்கும் எண் இது என்பதால், அதிர்வை மின்சுற்று பதினைந்து முறை பாதியாக்கினால் சரியாக நொடிக்கு ஒரு துடிப்பு கிடைக்கும். குவார்ட்ஸ் கைக்கடிகாரங்கள் ஓடுவதும் இதே அதிர்வெண்ணில்தான். டிட்கோவும் டாட்டா குழுமமும் சேர்ந்து 1984இல் தொடங்கிய டைட்டன் நிறுவனம், ஓசூர் சிப்காட் வளாகத்தில் அமைத்த ஆலையிலிருந்து 1980களின் பிற்பகுதியில் நாடு முழுவதும் அனுப்பிய கடிகாரங்களுக்குள் இருந்த கணக்கும் இதுவே. கடிகாரத்தில் செல் தீர்ந்தால் முள் நின்றுவிடும், புதுச் செல் போட்டு நேரத்தைத் திருத்திக்கொள்ளலாம். கோல்டு, சில்வர் கேட்ரிட்ஜுகளில் அதே செல்தான் நினைவகத்தையும் தாங்குகிறது என்பதால், பத்துப் பதினைந்து ஆண்டுகளில் செல் தீரும்போது சேமித்த ஆட்டமும் போய்விடும். செல்லைப் பற்றவைத்து மாற்றத் தெரிந்தவர்கூட, பழைய செல்லைக் கழற்றும்போது வெளியிலிருந்து மின்சாரம் கொடுக்கத் தவறினால் ஆட்டத்தை இழப்பார். யாரும் அழிக்காமலேயே அழியும் நினைவு இது.

மறைத்து வைத்த மூன்று பொத்தான்கள்

தானாக அழியும் இந்த நினைவகத்தை வேண்டுமென்றே அழிப்பதற்கும் ஒரு வழி வைத்திருந்தார்கள். போகிமான் ஆட்டங்களில் ஒரு கேட்ரிட்ஜில் ஒரே ஒரு ஆட்டத்தைத்தான் சேமிக்க முடியும். அதை நீக்க, தலைப்புத் திரை தெரியும்போது மேல்திசைப் பொத்தான், செலக்ட், பி ஆகிய மூன்றையும் ஒருசேர அழுத்த வேண்டும். அதன் பின் எல்லாவற்றையும் அழிக்கலாமா என்று திரை கேட்கும். ஆம் என்றால், முதல் போகிமான் ஆட்டத்தில் 32 கிலோபைட் இடத்திலுள்ள ஒவ்வொரு பிட்டின் மீதும் 1 என்ற மதிப்பை எழுதி நிரல் அதை நிரப்பிவிடும். இது பெயரளவுக்கான நீக்கம் அன்று. பழைய எண்களின் சுவடே இல்லாத, மீட்க வழியற்ற அழிப்பு. அழிக்காமலே புது ஆட்டம் தொடங்கவும் முடியும். ஆனால் பழையது உடனே போய்விடுவதில்லை, புது ஆட்டத்தை முதல் முறை சேமிக்கும்போது, பழைய கோப்பு அழிந்துவிடும், சம்மதமா என்று ஆட்டம் கேட்டுவிட்டுத்தான் மேலெழுதும்.

மூன்று பொத்தான்களையும் மெனுவில் காட்டாமல் மறைத்ததற்குக் காரணம் எளிது: கருவி கைமாறிக்கொண்டே இருக்கும் பொருள். அண்ணன் நூறு மணிநேரம் ஆடிச் சேர்த்ததைத் தம்பியின் விரல் தவறிப் பட்டு இழந்துவிடக் கூடாது என்பதால், அழிப்பது முடியாததாக இல்லாமல், தற்செயலாக நடக்க முடியாததாக மட்டும் வடிவமைக்கப்பட்டது. எல்லா ஆட்டங்களும் இந்த வழியில் போகவில்லை; 1993இல் கேம் பாய்க்கு வந்த செல்டா வரிசை ஆட்டமான லிங்க்ஸ் அவேக்கனிங், மூன்று பேர் தனித்தனியே சேமிக்க மூன்று இடங்களையும், அவற்றை நகலெடுக்கவும் அழிக்கவும் வெளிப்படையான தெரிவுகளையும் கொடுத்தது. 2020 மார்ச்சில் நிண்டெண்டோ ஸ்விட்ச் கருவிக்கு வந்த அனிமல் கிராஸிங்: நியூ ஹொரைஸன்ஸ் ஆட்டத்திலோ, ஒரு கருவிக்கு ஒரே தீவு, வீட்டார் அனைவரும் அதில்தான் குடியிருக்க வேண்டும் என்று விதி இருப்பதால், ஒருவர் தீவை அழித்துப் புதிதாகத் தொடங்கினால் மற்றவர்களின் வீடுகளும் சேர்ந்தே போகும், அங்கே அழிப்பது தனிநபர் முடிவாக இல்லாமல் குடும்பத்தில் பேசி எடுக்க வேண்டிய முடிவாகிறது.

அழித்துத் தொடங்குவதையே ஆட்டமாக்கிக்கொண்டவர்களும் உண்டு. நஸ்லாக் என்று பெயர் பெற்ற, 2010இல் ஒரு சித்திரக்கதை வழியாகப் பரவிய முறையில், மயங்கி விழுந்த போகிமான் இறந்ததாகவே கருதப்பட்டு விடுவிக்கப்படும், ஒவ்வொரு பகுதியிலும் முதலில் எதிர்ப்படுவதை மட்டுமே பிடிக்கலாம், அணி முழுதும் வீழ்ந்தால் ஆட்டம் முடிந்தது, மீண்டும் தொடக்கத்திலிருந்துதான். 1980 வாக்கில் அமெரிக்கப் பல்கலைக்கழகக் கணினிகளில் உருவான ரோக் என்ற ஆட்டம், வீரர் இறந்ததும் சேமித்த கோப்பையும் கொண்டுபோய்விடும் என்பதை நினைத்தால், இழப்பின் அச்சமே ஆட்டத்துக்குச் சுவையூட்டுகிறது என்ற எண்ணம் இத்துறையில் பழையது என்பது விளங்கும்.

அழிக்க மறுத்த ஆட்டம்

அழிக்கும் வழியே இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு 2011ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் ஓர் உதாரணம் கிடைத்தது. ஜப்பானின் காப்காம் நிறுவனம் நிண்டெண்டோ 3டிஎஸ் கருவிக்கு வெளியிட்ட ரெசிடென்ட் ஈவில்: தி மெர்சனரீஸ் 3டி ஆட்டத்தில், ஒருமுறை பதிந்த முன்னேற்றத்தை எவ்வகையிலும் நீக்க முடியாது என்று அதன் கையேடே சொன்னது. காசு கொடுத்து செகண்ட் ஹேண்டில் வாங்கும் ஒருவர், முன்னவர் எல்லாக் கட்டங்களையும் திறந்து முடித்த ஆட்டத்தைத்தான் பெறுவார். தாமே ஒன்றொன்றாகத் திறக்கும் இன்பம் அவருக்குக் கிடையாது. பழைய ஆட்டங்களின் விற்பனையைத் தடுக்கும் சூழ்ச்சி இது என்று வாங்குவோர் கொதித்தனர். வடிவமைப்பில் அப்படி ஒரு நோக்கம் இல்லை என்று நிறுவனம் விளக்கியது. நோக்கம் எதுவாக இருந்தாலும், அழிக்க முடியாத சேமிப்பு அந்தப் பொருளை முதலில் வாங்கியவரோடு கட்டிப்போட்டுவிடுகிறது. புதுப் பொருளுக்கு ஈடான பணம் இல்லாத வீடுகள் கைமாறிய பொருளை நம்பியே இருப்பதால், அழிக்கும் வசதி அவர்களுக்குத்தான் முதலில் தேவைப்படுகிறது.

ஃபிளாஷும் சாவியும்

2002இல் வெளியான போகிமான் ரூபி, சஃபையர் ஆட்டங்கள், செல்லைக் கடிகாரத்துக்கு மட்டும் வைத்துவிட்டு, சேமிப்பை 128 கிலோபைட் ஃபிளாஷ் நினைவகத்துக்கு மாற்றின. நுண்ணிய காப்பிட்ட அறைகளில் மின்னூட்டத்தைச் சிறைவைக்கும் ஃபிளாஷில், மின்சாரம் இல்லாமலும் தகவல் தங்கும். ஆனால் ஒற்றைப் பிட்டை மட்டும் தனியாக அழிக்க இயலாது, ஒரு தொகுதி முழுவதையும் சேர்த்தே அழித்துவிட்டுத்தான் புதிதாக எழுத முடியும், அவ்வாறு அழிப்பதற்கும் ஒரு வரம்பு உண்டு. சேமிக்கும் நொடியில் மின்சாரம் போனால் பழையதும் புதியதும் சேர்ந்தே கெட்டுவிடக் கூடாது என்பதற்காக, இவ்வாட்டங்கள் இரண்டு இடங்களில் மாறி மாறி எழுதின. புதியது சிதைந்திருந்தால் அதற்கு முந்தையதை எடுத்துக்கொள்ளும். ஆக, புதிது எழுதிய பின்னும் பழையது ஒன்று கூடவே இருந்துகொண்டிருந்தது.

சோனியின் பிஎஸ்பி போன்ற பின்வந்த கருவிகளில் சேமிப்பு மெமரி கார்டுக்குப் போனபோது, அழிப்பதன் பொருளே மாறியது. மெமரி கார்டில் ஒரு கோப்பை நீக்குவது, நூலகப் பட்டியலிலிருந்து அட்டையை உருவிவிட்டுப் புத்தகத்தை அடுக்கிலேயே விட்டுவைப்பதைப் போன்றது. அந்த இடத்தில் வேறொன்று எழுதப்படும் வரை, உரிய மென்பொருள் கொண்டு பழையதை மீட்கும் வாய்ப்பு உண்டு. விளையாட்டு எண்கள் என்றால் இதனால் பெரிய கேடில்லை. அதே முறையில் நீக்கப்பட்ட குடும்பப் புகைப்படமோ வங்கி விவரமோ என்றால் கதை வேறு.

கைப்பேசியே விளையாட்டுக் கருவியாகிவிட்ட இன்று, இந்தக் குறைக்குக் கண்ட தீர்வு குறியாக்கம். கருவியிலுள்ள தகவல் அனைத்தும் சாவி எனப்படும் ஒரு ரகசிய எண்ணால் உருமாற்றி எழுதப்படுகிறது. எல்லாவற்றையும் அழி என்று கட்டளையிட்டால், பெரும்பாலான புதிய ஸ்மார்ட்போன்கள் ஒவ்வொரு எழுத்தையும் தேடித் துடைப்பதில்லை, அந்தச் சாவியை மட்டும் ஒழித்துவிடுகின்றன, எஞ்சியவை யாராலும் படிக்க இயலாத குப்பையாகின்றன. ஐபோனில் உள்ள முறை இதுவே. கிருஷ்ணகிரி மாவட்டத்தில் ஓசூரை அடுத்து டாட்டா எலக்ட்ரானிக்ஸ் ஆலையில் அதே ஐபோனுக்கான வெளிக்கூடுகள் செய்யப்படுகின்றன. கடிகாரத்தில் தொடங்கிய வட்டாரம் ஒரு தலைமுறைக்குள் அவ்வளவு தூரம் வந்திருக்கிறது.

விரல் எட்டாத இடம்

ஆட்டம் சர்வருக்குப் போனபோது நிலைமை தலைகீழானது. 2020 செப்டம்பர் 2 அன்று இந்திய அரசு தடை செய்த 118 செயலிகளுள் பப்ஜி மொபைலும் ஒன்று. அக்டோபர் 30 அன்று இந்தியர்களுக்கான சேவை நின்றதும், ஆண்டுக்கணக்கில் சேர்த்த தரநிலைகளும் காசு கொடுத்து வாங்கிய உடைகளும், யாருடைய கைப்பேசியிலும் எதுவும் அழிக்கப்படாமலே, எட்டாத பொருளாயின. 2021 ஜூலை 2 அன்று தென்கொரியாவின் கிராஃப்டான் நிறுவனம் இந்தியாவுக்கென்று பிஜிஎம்ஐ ஆட்டத்தை வெளியிட்டு, பழைய கணக்கின் விவரங்களை அதற்கு மாற்றிக்கொள்ள வழி செய்தது; 2022 ஜூலையில் அதுவும் செயலிக் கடைகளிலிருந்து நீக்கப்பட்டு, 2023 மே மாதம் திரும்பியது. இழந்ததும் மீண்டதும் ஆடியவர்களின் முடிவால் அல்ல. மறுபுறம், முற்றிலும் அழிக்க விரும்புபவராலும் அது எளிதில் இயலாது. செயலியைக் கைப்பேசியிலிருந்து நீக்கினாலும் கணக்கு சர்வரில் அப்படியே இருக்கும்.

இப்படிச் சர்வரில் தங்கும் தரவுக்கும் பொருந்தும் வகையில், 2023இல் நிறைவேறிய மின்னணுத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தம்மைப் பற்றிய தரவை அழிக்குமாறு கேட்கும் உரிமையைக் குடிமக்களுக்கு அளிக்கிறது. பதினெட்டு வயது நிரம்பாதவர்களின் தரவைக் கையாளப் பெற்றோரின் சரிபார்க்கத்தக்க ஒப்புதல் வேண்டும் என்றும் கூறுகிறது. எனவே, கருவியை உறவினருக்குக் கொடுக்கும் முன்போ விற்கும் முன்போ ஒரு குடும்பம் செய்ய வேண்டியவை மூன்று: ஆட்டம் கேட்ரிட்ஜிலா, கருவியிலா, சர்வரிலா எங்கே பதிகிறது என்று பார்ப்பது, ஸ்விட்ச் போன்ற கருவிகளில் சேமிப்பு கேட்ரிட்ஜில் இல்லாமல் கருவியிலேயே இருப்பதால், அமைப்புகள் பகுதிக்குச் சென்று அங்கிருந்து நீக்குவது, கணக்கிலிருந்து வெளியேறுவதோடு நிற்காமல், தேவையில்லை என்றால் கணக்கையே மூடக் கோருவது. பழைய கேட்ரிட்ஜில் மூன்று பொத்தான்கள் செய்த வேலைக்கு இன்று இத்தனை படிகளும் ஒரு சட்டமும் தேவைப்படுவதால், ஒரு கருவியை வாங்கும்போதே அதில் எப்படி ஆடுவது என்று கேட்பதோடு, ஆடியதை எப்படி அழிப்பது என்றும் கேட்டு வைப்பது நல்லது.