வேண்டாத ஒலி

ஒலியில்லாத உலகம் இல்லை. தாயின் தாலாட்டும் ஒலிதான். பள்ளி மணியோசையும் ஒலிதான். ஆனால் விரும்பாதவர் காதில் வலிய வந்து விழும்போது ஒலி இரைச்சலாகிவிடுகிறது. கும்மிடிப்பூண்டி வட்டாரத்தில் வாழும் நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இரும்பு உருட்டாலைகளின் ஓசை, ஜி.என்.டி. சாலை லாரிகளின் ஹாரன், விழா நாள்களில் ஒலிபெருக்கி என நம் காதுகளுக்கு ஓய்வே கிடைப்பதில்லை.

ஒலியின் அளவை டெசிபல் என்பர். 10 டெசிபல் கூடினால் ஒலியின் ஆற்றல் பத்து மடங்காகும். சாதாரணப் பேச்சு ஏறக்குறைய 60 டெசிபல். 85 டெசிபலுக்கு மேற்பட்ட இரைச்சலில் நாள்தோறும் எட்டு மணி நேரம், பல ஆண்டுகள் உழைப்பவரின் செவித்திறன் மெல்லக் குன்றும். உட்செவியில் நத்தைக்கூடு போன்ற பகுதியிலுள்ள நுண்மயிர் அணுக்கள் அழிந்தால் மீண்டும் முளைப்பதில்லை. வலியில்லாமல் வருவதால் பலர் இதை உணர்வதுமில்லை. உறக்கக் கேடு, இரத்த அழுத்தம், படிப்பில் கவனச் சிதறல் ஆகியவையும் இரைச்சலின் விளைவுகளே.

இதைத் தடுக்க 2000-ஆம் ஆண்டில் மத்திய அரசு ஒலி மாசு விதிகளை வகுத்தது. பகலில் தொழிற்பகுதிக்கு 75, குடியிருப்புக்கு 55 டெசிபல் என்பது வரம்பு. பள்ளி, மருத்துவமனை, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி 100 மீட்டர் வரை அமைதிப் பகுதியாகலாம். அங்கே 50 மட்டுமே. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது.

அதே ஆண்டு ஆகஸ்டு 30-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு மாதவரத்தைப் பற்றியது. அங்குள்ள ஒரு கிறிஸ்தவ சபையின் ஒலிபெருக்கியாலும் தாளக் கருவிகளாலும் இடையூறு நேர்வதாக அருகிலிருந்த குடியிருப்போர் வழக்குத் தொடுத்திருந்தனர். தம் வழிபாட்டுரிமை பறிபோவதாகச் சபையார் வாதிட்டனர். பிறர் அமைதியைக் குலைத்து வழிபடுமாறு எந்த மதமும் கூறவில்லை என்று நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. இது கோயில், மசூதி, தேவாலயம் அனைத்திற்கும் பொருந்தும். பிறரை நேசி என்று கற்கும் நாம் இதை முதலில் ஏற்க வேண்டாமா?

தோழியரே! ஆலைக்குச் செல்லும் அப்பாவிடமும் அண்ணனிடமும் காதடைப்பான் அணியும்படி அன்புடன் வற்புறுத்துங்கள். வீட்டில் தொலைக்காட்சியின் ஒலியைக் குறையுங்கள். அடுத்த வீட்டில் நோயாளியோ, கைக்குழந்தையோ, இரவுப் பணி முடித்து உறங்குபவரோ இருக்கலாம். அவருக்கு நாம் செலவின்றிச் செய்யக்கூடிய உதவி அமைதியே.