கல்லுக்குள் வேறோர் உலகம்!

குட்டீஸ்! மாமல்லபுரத்துக்குச் சுற்றுலா போயிருக்கிறீர்களா? சரிவில் நிற்கும் வெண்ணெய் உருண்டைப் பாறையைத் தள்ளிப் பார்க்காத பிள்ளைகள் உண்டா என்ன! அந்தக் கருங்கல்லுக்குள் எவ்வளவு தேடினாலும் ஓர் இலைகூடக் கிடைக்காது. ஏன் தெரியுமா? அது பூமியின் ஆழத்தில், கடும் வெப்பத்தில் உருவான பாறை. செடி கொடிகள் தோன்றுவதற்கு வெகுகாலம் முன்பே உருவானது.

ஆனால், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் மண்ணுக்கு அடியில் வேறு வகைப் பாறை இருக்கிறது. இந்த ஊர் முன்பு செங்கல்பட்டு மாவட்டத்தில் இருந்தது. இப்போது காஞ்சிபுரம் மாவட்டத்தில் இருக்கிறது. இங்குள்ளது, களிமண் இறுகி உண்டான மென்மையான பாறை. அப்பளத்தை அடுக்கி வைத்தது போல ஏடு ஏடாகப் பிரியும். சில ஏடுகளுக்கு நடுவே இலைகளின் அச்சு, நரம்புகூட அழியாமல் இருக்கும். அந்த இலைகளுக்கு வயது பத்துக் கோடி ஆண்டுகளுக்கும் மேல்!

இலை எப்படிக் கல்லானது?

மரத்திலிருந்து உதிர்ந்த இலை சாதாரணமாக மட்கிப் போகும். ஆனால், நீரில் விழுந்து, உடனே சேறு மூடிவிட்டால் காற்று படாது, எளிதில் அழுகாது. மேலே மேலே சேறு படியும். அந்தப் பாரத்தில் சேறு கல்லாக இறுகும். இலையின் உருவம் அதில் பதிந்துவிடும். இதற்குத்தான் 'தொல்லுயிர் எச்சம்' என்று பெயர்.

இங்கே கிடைத்த இலைகளில் ஒன்று டைலோபில்லம். பெயருக்குப் பொருள் 'சிறகு இலை'. பறவையின் இறகு போலவே இருக்கும். இந்த இனம் இன்று உலகில் எங்குமே இல்லை. அதனுடன் பெரணிகளும் ஊசியிலை மரங்களும் வளர்ந்தன. வேம்பு இல்லை, வாழை இல்லை, நெல்லும் இல்லை. பூக்கும் செடிகள் அப்போதுதான் உலகில் தலைகாட்டத் தொடங்கியிருந்தன. வேற்றுக் கிரகம் போல இருக்கிறதல்லவா?

ஒட்டோகர் பைஸ்ட்மாண்டல் என்ற அறிஞர், சென்னைக் கடற்கரைப் பகுதியில் கிடைத்த இந்தக் கல் இலைகளை ஆராய்ந்து 1879ல் நூல் எழுதினார்.

கடல் இல்லாத கடற்கரை

இதே சிறகு இலை அண்டார்டிகாவிலும் கிடைத்திருக்கிறது! பனி மூடிய அந்தக் கண்டத்துக்கும் நமக்கும் என்ன உறவு? ஒரு காலத்தில் இந்தியா, அண்டார்டிகா, ஆஸ்திரேலியா, ஆப்பிரிக்கா, தென் அமெரிக்கா எல்லாம் ஒட்டிக்கொண்டிருந்தன. அதற்குக் கோண்டுவானா என்று பெயர். நமது கிழக்குக் கரையை ஒட்டி அப்போது கடல் இல்லை, அண்டார்டிகாதான் இருந்தது! பிறகு இரண்டும் பிரிந்தன. இடையில் கடல் புகுந்தது. மாமல்லபுரத்தில் நீங்கள் கால் நனைக்கும் கடல் பிறந்தது இப்படித்தான்.

இதை நிரூபிக்கும் கல் இலைகளுக்காக மனிதர்கள் எவ்வளவு பாடுபட்டார்கள் தெரியுமா? 1912ல் தென் துருவத்துக்குப் போய்த் திரும்பிய ஸ்காட், தோழர்களுடன் பனியில் மடிந்தார். அவர்களது சறுக்கு வண்டியில் சுமார் 16 கிலோ கற்கள் இருந்தன. நடக்கவே தெம்பில்லாத நிலையிலும் அவற்றை அவர்கள் வீசி எறியவில்லை. அந்தக் கற்களில் இருந்த குளோசோப்டெரிஸ் என்ற இலை, நம் நாட்டு நிலக்கரிச் சுரங்கங்களிலும் கிடைக்கிறது. இது சிறகு இலையை விடவும் மூத்தது.

நம் நாட்டில் இத்தகைய கல் செடிகளைப் பாதுகாத்து ஆராய, பீர்பால் சாஹ்னி என்ற விஞ்ஞானி லக்னோவில் ஒரு நிறுவனம் தொடங்கினார். 1949 ஏப்ரல் 3ல் பிரதமர் நேரு அடிக்கல் நாட்டினார். அந்த அடிக்கல்லிலேயே தொல்லுயிர் எச்சங்களைப் பதித்திருந்தார் சாஹ்னி! ஒரே வாரத்தில் அவர் காலமானார். ஆனாலும், அவரது மனைவி சாவித்திரி பொறுப்பேற்று நிறுவனத்தை வளர்த்தார்.

நீங்களும் உதவலாம்!

இப்போது ஸ்ரீபெரும்புதூரைச் சுற்றிலும் தொழிற்சாலைகள். அஸ்திவாரம் தோண்டும்போது இந்தக் கல் வெளியே வந்தால், மழையிலும் வெயிலிலும் சீக்கிரம் உதிர்ந்துவிடும். கோடி ஆண்டுகள் தாங்கிய இலை சில மாதங்களில் மண்ணாகிவிடும்.

கிணறு வெட்டும் இடத்திலோ, பள்ளம் தோண்டும் இடத்திலோ கல்லில் இலை அச்சைப் பார்த்தால் உடைக்காதீர்கள். பள்ளத்தில் நீங்களாக இறங்கவும் கூடாது. பெரியவர்களிடம் சொல்லி, பக்கத்தில் ஒரு நாணயத்தை வைத்துப் படம் எடுக்கச் சொல்லுங்கள். ஊரின் பெயர், எவ்வளவு ஆழம், என்று கிடைத்தது எல்லாவற்றையும் குறித்துக்கொள்ளுங்கள். உங்கள் ஆசிரியர் மூலம் சென்னை எழும்பூர் அரசு அருங்காட்சியகத்துக்குத் தெரிவிக்கலாம். ஊர்ப் பெயர் தெரியாத கல், முகவரி இல்லாத கடிதம் போல. எங்கிருந்து வந்தது என்று அதனால் சொல்ல முடியாது.

செய்து பாருங்கள்: ஈரக் களிமண்ணைத் தட்டையாக்கி, அதன் மேல் ஒரு வேப்பிலையை வைத்து அழுத்துங்கள். மெதுவாக இலையை எடுத்துவிட்டு, நிழலில் காய வையுங்கள். உங்கள் கையில் ஓர் இலை அச்சு தயார்! அடியில் உங்கள் ஊரையும் தேதியையும் எழுத மறக்காதீர்கள்.