மூழ்குவோர் உயிர் காக்கும் கணக்கு

ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பர். ஏட்டுக் கணக்கு ஒன்று உயிரையே காக்கும் திறத்தை ஈண்டு எடுத்துரைக்க விழைகிறேன்.

தமிழும் மலையாளமும் கலந்தொலிக்கும் பாறசாலை எல்லைப்புறத்தைச் சேர்ந்தவன் நான். எங்கள் நெய்யாற்றின்கரை வட்டத்துக் கடற்கரையான விழிஞத்தில், மூச்சை அடக்கி மூழ்கிச் சிப்பி பறிப்போர் உளர். தூத்துக்குடியில் சங்கு குளிப்போரும் முன்னாளில் அவ்வாறே மூழ்கினர். பிற்காலத்தில் அவர்களுட் பலர், படகிலுள்ள காற்றழுத்தப் பொறியிலிருந்து குழாய் வழியே மூச்சிழுத்து நெடுநேரம் கடலடியில் தங்கலாயினர். முன்னவர் கொண்டு செல்வது ஒரே மூச்சுக் காற்று. பின்னவரோ ஒவ்வொரு மூச்சிலும் அழுத்தக் காற்றை உட்கொள்கின்றனர். இடர் இங்குதான் தொடங்குகிறது.

கடலில் 10 மீட்டருக்கு ஒரு வளிமண்டல அழுத்தம் கூடும். 20 மீட்டரில் மொத்தம் 3. காற்றில் 79 விழுக்காடு நைட்ரஜன். அழுத்தம் மிகுந்தால் அது குருதியிலும் திசுக்களிலும் மிகுதியாய்க் கரையும். விரைந்து மேலேறினாலோ, மூடி திறந்த சோடாவைப் போலக் குமிழிகள் எழும். விளைவு மூட்டுவலி, முடக்கம், சிலவேளை சாவு.

1908இல் ஜான் ஸ்காட் ஹால்டேனும் அவர்தம் துணைவரும் ஆடுகளைக் கொண்டு ஆராய்ந்து ஒரு வழி கண்டனர். உடலை 5, 10, 20, 40, 75 நிமிட 'அரை நேரம்' உடைய ஐந்து திசுக்களாகக் கருதினர். நிரம்பவேண்டியதிற் பாதி நிரம்ப ஆகும் காலமே அரை நேரம். அழுத்தம் பாதியாகக் குறையும் வரை தீங்கில்லை என்பது அவர்கள் விதி.

10 நிமிடத் திசுவைப் பார்ப்போம். கரையில் அதன் நைட்ரஜன் அழுத்தம் 0.79. அஃது 20 மீட்டரில் 2.37 வரை ஏறக்கூடும். 10 நிமிடத்தில் இடைவெளியிற் பாதி நிரம்பி 1.58 ஆகும். இது கரையளவின் இருமடங்கு, இதுவே எல்லை. 20 நிமிடத்தில் 1.975, இனி நேரே மேலேறலாகாது. 3 மீட்டரில் ஏறக்குறைய 8 நிமிடம் தங்கினால் மீண்டும் 1.58க்கு இறங்கும். ஒவ்வொரு திசுவுக்கும் இவ்வாறு கணித்து, எல்லாம் எல்லைக்குள் வரும் வரை காத்திருத்தல் வேண்டும்.

இது விளக்கக் கணக்கே. இதை நம்பி மூழ்கலாகாது. திசுவுக்குத் திசு எல்லை வேறுபடும் என்பதைப் பின்னர் 1965இல் வொர்க்மன் வகுத்துரைத்தார். சூரிச் நகரப் பேராசிரியர் பூல்மன், 4 முதல் 635 நிமிடம் வரையிலான 16 திசுக்களை வைத்துக் கணித்தார். மூழ்குவோர் மணிக்கட்டில் அணியும் கணினிகள் பல இன்று அவர் வழியைப் பின்பற்றுகின்றன.

மெதுவான திசு மெதுவாகவே நைட்ரஜனை விடுகிறது. ஆதலின் ஒரே நாளில் மீண்டும் மூழ்குபவன் பழங்கடனோடு புதுக்கடனும் வாங்குகிறான். கணக்கின்றிப் பலமுறை மூழ்கும் ஏழைத் தொழிலாளியின் உடல் அதற்கு வட்டியும் கட்டுகிறது.

நண்பர்களே! கணக்குப் பயிலும் நாம், மருத்துவர் துணையோடு, இந்த அறிவை எளிய தமிழ் அட்டையாக்கிப் படகுதோறும் சேர்க்கலாகாதா? கற்ற கணக்கு கடலோரக் குடிசையில் ஓர் உயிரைக் காக்குமாயின், அதனினும் சிறந்த பயன் வேறு உண்டோ!