அரூர் காண வேண்டிய படம்

படம் என்றதும் நம் கண்முன் நிற்பது என்ன? கோடிகளைக் கொட்டிக் கட்டிய அரங்கம், கதாநாயகனின் வீராவேசம், கதாநாயகியின் ஒயில்! இவை எதுவுமில்லாத படமும் உண்டு. செய்தி திரட்டுபவரும் அவரே, கேள்வி கேட்பவரும் அவரே, இயக்குபவரும் அவரே, ஊர் ஊராய்க் கொண்டுசென்று காட்டுபவரும் அவரே என்னும் தனி மனிதர் முயற்சி அது.

தமிழருக்கு அது புதிதன்று. காந்தியார் பற்றிய படச்சுருள்களைத் தேடி நாடு நாடாக அலைந்த ஏ.கே.செட்டியார், 1940-ஆம் ஆண்டிலேயே அவற்றைத் தொகுத்துப் படமாக்கிக் காட்டினார்.

அவ்வழியில் வருபவர் பாரதி கிருஷ்ணகுமார். எழுத்தாளர், மேடைப் பேச்சாளர், இயக்குநர். 1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் 44 உயிர்கள் தீக்கிரையான கொடுமையை, 2005-இல் 'ராமய்யாவின் குடிசை' என்னும் ஆவணப்படமாக்கினார். அவர் எடுத்த மற்றொரு படம், அரூரை அடுத்த மலையடிவாரத்துச் சிற்றூரைப் பற்றியது. 'உண்மையின் போர்க்குரல் வாச்சாத்தி' என்பது அதன் பெயர்.

வாச்சாத்தியில் நடந்தது என்ன? 1992 ஜூன் 20. சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று வனத்துறையும், காவல்துறையும், வருவாய்த்துறையும் ஊருக்குள் புகுந்தன. வீடுகள் சூறையாடப்பட்டன. ஆண், பெண் என்று பாராமல் அடி, உதை. 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளாயினர். காக்க வேண்டிய கைகளே தாக்கிய கைகள்! நீதி வர 19 ஆண்டுகள் ஆயின. 2011 செப்டம்பர் 29 அன்று, குற்றம் சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகளே என்றது தருமபுரி நீதிமன்றம். அவர்களுள் 54 பேர் அதற்குள் மாண்டே போயிருந்தனர். 2023-இல் உயர்நீதிமன்றமும் தீர்ப்பை உறுதி செய்தது.

தீர்ப்புத்தான் ஏட்டில் இருக்கிறதே, படம் எதற்கு என்பார் உண்டு. ஏடு எண்ணிக்கையைச் சொல்லும். அழுத குரலைக் கேட்பிக்குமா? அன்றைக்குப் பிறந்திராத பிள்ளைகள் இன்று ஓட்டுப் போடுகிறார்கள். தம் ஊர்ப் பக்கத்தில் நடந்ததை அவர்கள் எதைக் கண்டு அறிவார்கள்?

ஒருவரே பல பொறுப்புகளைச் சுமந்தால், 'அடடா, என்ன திறமை!' என்று கைதட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். மற்றவர் தோள்கொடுக்க முன்வராததால் அல்லவா இத்தகையோர் தனியே சுமக்கிறார்கள்? இப்படங்களுக்குக் கொட்டகையும் கிடைப்பதில்லை, விளம்பரமும் கிடைப்பதில்லை. எடுப்பதோடு வேலை முடிந்ததா? காட்டவும் அவர்களே அலைய வேண்டும்!

அந்த அலைச்சலையாவது நாம் ஏற்கலாம். அரூரில் மண்டபங்கள் இல்லையா? இளைஞர்கள் இல்லையா? ஒரு வெள்ளைத் திரையும், ஒரு மாலைப் பொழுதும் போதுமே! படைத்தவர் தம் பங்கைச் செய்துவிட்டார். கூடிக் காண்பது நம் பங்கு.