நிசப்தம் பதிந்த தட்டு

மின்விசிறியை நிறுத்திவிட்டுத்தான் ‘எ கொயட் பிளேஸ் பார்ட் 2’ பார்க்க உட்கார்ந்தேன். சத்தம் எழுப்பினால் உயிர் போகும் உலகத்தில் ஒரு குடும்பம் தப்பிப் பிழைக்கும் கதை. ஜான் கிரசின்ஸ்கி இயக்கியது. 2020 மார்ச்சில் வர வேண்டிய படம், கொரோனாவால் 2021 மே மாதம்தான் அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வந்தது. காசு கொடுத்து வாங்கிய 4கே புளூ-ரே தட்டில் பார்த்தபோது, நிசப்தத்துக்கும் தரம் உண்டு என்பது விளங்கியது.

குடும்பத்தின் மகள் ரீகனுக்குக் காது கேட்காது. அவளாக நடித்த மில்லிசென்ட் சிம்மண்ட்ஸும் குழந்தைப் பருவத்திலேயே கேட்கும் திறனை இழந்தவர். காட்சி அவளுடைய நிலைக்கு மாறும்போது ஒலி அறுந்துபோகிறது. காந்த நாடாவில் இது முடியாது. எந்த மௌனத்துக்கு அடியிலும் ‘ஸ்ஸ்’ என்று ஓர் இரைச்சல் ஓடிக்கொண்டிருக்கும். டிஜிட்டலில் மௌனத்தைச் சுழியம் என்ற எண்ணாகவே எழுதிவிடலாம். மெல்லிய ஒலிக்கும் பேரொலிக்கும் இடையே 16 பிட் பதிவு சுமார் 96 டெசிபல் இடைவெளி தரும். 24 பிட்டில் கணக்குப்படி அது 144.

இதே படத்தைத் திரையரங்கில் ஒளித்துப் பிடித்த திருட்டுப் பிரதியில் பார்ப்பவருக்கு என்ன கிடைக்கும்? சத்தம் குறைந்ததும் கேமராவின் மைக் தன் உணர்திறனைத் தானாகவே கூட்டிக்கொள்ளும். ரீகனின் செவிக்குள் நாம் நுழைய வேண்டிய நொடியில் ஏசியின் உறுமலும் யாரோ இருமுவதும்தான் கேட்கும். படைப்பாளியின் கூலியோடு படத்தின் உயிரும் களவு போகிறது.

இருட்டின் கதையும் இதுதான். ஒளிப்பதிவாளர் பாலி மார்கன் படத்தை 35 மி.மீ. ஃபிலிமில் எடுத்தார். ஃபிலிமின் வெள்ளி உப்புத் துகள்கள் விட்டுச்செல்லும் நுண்ணிய சாயப் புள்ளிகள் நொடிக்கு 24 முறை இடம் மாறுகின்றன. வீடியோவைச் சுருக்கும் முறையோ, முந்தைய சட்டகத்திலிருந்து மாறியதை மட்டும் எழுதிச் சிக்கனம் பிடிப்பது. எல்லாப் புள்ளியும் மாறினால் சிக்கனத்துக்கு வழியேது? தரவு போதாதபோது முதலில் பலியாவது அந்தப் புள்ளிகள்தான். முகம் மெழுகு பூசியதுபோல் ஆகிவிடும். 4கே தட்டு நொடிக்கு 100 மெகாபிட்டுக்கு மேலும் தரவல்லது. ஓடிடியில் பெரும்பாலும் அதில் கால் பங்குதான்.

டிவிடியிலும் சாதாரண புளூ-ரேயிலும் ஒவ்வொரு வண்ணத்துக்கும் 256 படிகள். இருட்டுக் காட்சி அவற்றில் அடிமட்டத்துச் சில படிகளை மட்டுமே பயன்படுத்துவதால், நிழல் பட்டை பட்டையாக உடைகிறது. 4கே தட்டில் 1024 படிகள். கைவிடப்பட்ட எஃகு ஆலையின் உலைக்குள் ஒளிந்துகொள்ளும் காட்சியில், சுவரின் கருமையும் அதன் முன் இருக்கும் முகத்தின் கருமையும் எனக்குத் தனித்தனியாகத் தெரிந்தன.

டிவியில் ‘நாய்ஸ் ரிடக்‌ஷன்’ என்றொரு வசதி இருக்கும். ஃபிலிமின் புள்ளிகளை அழுக்கென்று எண்ணித் துடைத்துவிடும். ‘நைட் மோட்’ இருந்தால் அது மெல்லிய ஒலியைத் தூக்கி, பேரொலியை அமுக்கும். இரண்டையும் அணைத்துவிடுங்கள். அறை விளக்கையும்.